இரண்டு மாறிகள், இரண்டு சமன்பாடுகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒருங்கமை நேரிய சமன்பாடுகளைத் தீர்க்கப் பலருக்கும் கை பழகியிருக்கும். எங்கே பெருக்குவது, எங்கே கழிப்பது என்று யோசிக்காமலே செய்துவிடுவார்கள். "ஏன் அப்படிச் செய்யலாம்?" என்று கேட்டால்தான் தயக்கம் வரும். அந்த "ஏன்" பிடிபட்டுவிட்டால், தனித்தனி முறைகளாகத் தெரிபவை எல்லாம் ஒரே எண்ணத்தின் வெவ்வேறு வடிவங்கள் என்பது விளங்கிவிடும். மனப்பாடம் செய்ய அதிகம் மிஞ்சாது. இந்தப் பக்கத்தை எழுதுவதே அதற்காகத்தான்.

குறியீடு பற்றி ஒரு சொல். பாடநூல்களில் எக்ஸ், ஒய் என்று எழுதப்படும் மாறிகளை இங்கே ய, க என்று எழுதுகிறேன். இது என் கண்டுபிடிப்பு அல்ல. 12ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த இரண்டாம் பாஸ்கரர், தெரியாத முதல் எண்ணை "யாவத்தாவத்" என்ற சொல்லின் முதலெழுத்தால் "யா" என்று குறித்தார். அடுத்ததற்குக் கருப்பைக் குறிக்கும் "காலகம்" என்பதிலிருந்து "கா", அதற்கும் அடுத்ததற்கு "நீலகம்" என்பதிலிருந்து "நீ". தெரியாத எண்களுக்கு நிறங்களின் பெயர் சூட்டிய அந்த வழக்கத்தைச் சுருக்கி எடுத்துக்கொண்டேன்.

ஒரு சமன்பாடு போதாதா? எதற்கு இரண்டு?

ய + க = 10 என்று மட்டும் சொன்னால் ய = 4, க = 6 ஆக இருக்கலாம். 9, 1 ஆகவும் இருக்கலாம். −2, 12 என்றாலும் பொருந்தும், 2.5, 7.5 என்றாலும் பொருந்தும். விடைகளுக்கு முடிவே இல்லை. இந்த இணைகளை எல்லாம் வரைபடத்தாளில் புள்ளிகளாக வைத்தால் ஒரு நேர்க்கோடு கிடைக்கும். "நேரிய" என்ற பெயர் வந்ததே அதனால்தான்.

இப்போது ய − க = 4 என்று இன்னொரு நிபந்தனையும் சேர்கிறது. இதற்கும் முடிவில்லாத விடைகள் உண்டு, இதுவும் ஒரு கோடு. ஆனால் இரண்டு கோட்டின் மேலும் ஒரே நேரத்தில் இருக்கும் புள்ளி ஒன்றுதான்: (7, 3). அந்தப் புள்ளிதான் தீர்வு.

தெரியாதவை இரண்டு என்றால், அவற்றைப் பற்றிய இரண்டு தனித்தனிச் செய்திகள் வேண்டும். "தனித்தனி" என்பதை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். ய + க = 10, 2ய + 2க = 20 என்று இரண்டு வரி எழுதினாலும் அங்கே இருப்பது ஒரே செய்திதான்.

பிரதியிடல் முறையில் என்ன நடக்கிறது?

ஒரு சமன்பாட்டிலிருந்து ஒரு மாறியை மற்றதன் வழியாகச் சொல்லி, அதை அடுத்த சமன்பாட்டில் வைக்கிறோம். இப்போது மாறி ஒன்றுதான், சமன்பாடும் ஒன்றுதான்.

3ய + க = 11
4ய − 3க = 6

முதல் சமன்பாட்டில் க தனியாக நிற்கிறது, அதன் கெழு, அதாவது அதைப் பெருக்கும் எண், 1. அதனால் க = 11 − 3ய. இதை இரண்டாவதில் வைத்தால்:

4ய − 3(11 − 3ய) = 6
4ய − 33 + 9ய = 6
13ய = 39

ஆக ய = 3, க = 11 − 9 = 2.

இரண்டு இடங்களில் கால் இடறும். ஒன்று, −3(11 − 3ய) என்பதை விரிக்கும்போது −33 − 9ய என்று எழுதிவிடுவது. அடைப்புக்குறிக்கு வெளியே இருக்கும் குறைக்குறி உள்ளே உள்ள ஒவ்வொரு உறுப்பையும் தொட வேண்டும். விடைத்தாள்களில் இதைவிட அதிகமாகத் தென்படும் பிழையை நான் பார்த்ததில்லை. மற்றொன்று, க = 11 − 3ய என்பதை அது பிறந்த சமன்பாட்டிலேயே திரும்ப வைப்பது. அப்போது 3ய + 11 − 3ய = 11, அதாவது 11 = 11 என்று வரும். கணக்கு தவறவில்லை, ஆனால் புதிதாக எதுவும் கிடைக்கவும் இல்லை. ஒரே செய்தியை அதனிடமே திருப்பிச் சொல்லியிருக்கிறோம், அவ்வளவுதான்.

நீக்கல் முறை?

6ய + 5க = 8
4ய − 3க = 18

எந்தக் கெழுவும் 1 இல்லை. பிரதியிடப் போனால் முதல் வரியிலேயே பின்னம் வந்துவிடும். அதனால் ஒரு மாறியின் கெழுக்களை அளவில் சமமாக்கி, அந்த மாறியையே நீக்குகிறோம். க-வை நீக்க முதல் சமன்பாட்டை 3 ஆலும், இரண்டாவதை 5 ஆலும் பெருக்குவோம்:

18ய + 15க = 24
20ய − 15க = 90

குறிகள் எதிரெதிராக இருப்பதால் கூட்டினால் போதும். 38ய = 114, ஆக ய = 3. முதல் சமன்பாட்டில் வைத்தால் 18 + 5க = 8, க = −2.

ய-வை நீக்க விரும்பியிருந்தால் 6, 4 இரண்டின் மீச்சிறு பொது மடங்கான 12 போதும். முதலாவதை 2 ஆலும் இரண்டாவதை 3 ஆலும் பெருக்கி, 12ய + 10க = 16, 12ய − 9க = 54 என்று எழுதிக் கழிக்க வேண்டும். அங்கே 10க − (−9க) என்பது 19க. இதை 1க என்று எழுதுபவர்கள் ஏராளம். கழிப்பதில் உங்களுக்குத் தடுமாற்றம் இருந்தால் ஒரு எளிய வழி உண்டு. ஒரு சமன்பாட்டை −1 ஆல் பெருக்கிக் குறிகளை எல்லாம் மாற்றி எழுதிவிட்டு, பிறகு கூட்டுங்கள். ஒரு வரி கூடுதலாக எழுதுவதால் இழப்பு எதுவும் இல்லை.

இரண்டு சமன்பாடுகளை அப்படியே கூட்டிவிடலாம் என்று யார் அனுமதி கொடுத்தது?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. இதைக் கேட்கும் மாணவர் பாடத்தின் நடுவே வந்து நிற்கிறார்.

பதிலின் முதல் பாதி எளிது. 6ய + 5க என்பதும் 8 என்பதும் ஒரே எண். 4ய − 3க என்பதும் 18 என்பதும் ஒரே எண். சமமானவற்றோடு சமமானவற்றைக் கூட்டினால் கிடைப்பவையும் சமம். எனவே மூல சமன்பாடுகள் இரண்டையும் நிறைவு செய்யும் எந்த இணையும், கூட்டிக் கிடைத்த புதிய சமன்பாட்டையும் நிறைவு செய்தே தீரும். தீர்வு எதையும் இழக்கவில்லை.

இரண்டாம் பாதியைப் பலர் கேட்பதில்லை. தீர்வை இழக்கவில்லை, சரி. இல்லாத ஒன்று புதிதாக நுழைந்துவிட்டால்? உதாரணமாக, ய = 3 என்பதன் இரு பக்கத்தையும் வர்க்கப்படுத்தினால் ய² = 9, அங்கே −3 என்ற வேண்டாத விருந்தாளி வந்து உட்கார்ந்துவிடும். கூட்டலில் அப்படி நடக்காதா? நடக்காது. காரணம், இந்தப் படியைத் திரும்பி நடக்க முடியும். கூட்டிக் கிடைத்த சமன்பாட்டையும், மூல சமன்பாடுகளில் ஒன்றையும் கையில் வைத்துக்கொண்டால், கழித்து மற்றதை மீட்டுவிடலாம். போன வழியே திரும்பி வர முடிகிறது என்றால் தொடக்கத்திலும் முடிவிலும் தீர்வுகள் அதேதான். பூச்சியமல்லாத எண்ணால் மட்டுமே பெருக்க வேண்டும் என்ற கட்டுப்பாடும் இதனால்தான். 0 ஆல் பெருக்கினால் 0 = 0 கிடைக்கும், அங்கிருந்து திரும்ப வழி கிடையாது.

இதையே வரைபடத்தில் பாருங்கள். மேலே உள்ள இரண்டு கோடுகளும் (3, −2) என்ற புள்ளியில் வெட்டுகின்றன. அவற்றைக் கூட்டினால் 10ய + 2க = 26. இதில் ய = 3, க = −2 வையுங்கள்: 30 − 4 = 26. கழித்தால் 2ய + 8க = −10. இங்கும் 6 − 16 = −10. எந்த எண்களால் பெருக்கிக் கூட்டினாலும் கிடைக்கும் புதிய கோடு அதே புள்ளி வழியாகத்தான் போகும். அந்தப் புள்ளியை அச்சாக வைத்துக் கோடு சுழல்வதாகக் கற்பனை செய்துகொள்ளலாம். அப்படிச் சுழலும் கோடுகளில் நமக்கு வேண்டியவை இரண்டே: நெட்டாக நிற்பது ஒன்று, படுக்கையாகக் கிடப்பது ஒன்று. நெட்டாக நிற்கும் கோடு ய = 3 என்று சொல்லும், படுத்திருப்பது க = −2 என்று சொல்லும். நீக்கல் முறையில் நாம் செய்வது, கோட்டைச் சுழற்றி அந்த இரண்டு நிலைகளில் நிறுத்துவது.

எந்த முறை சிறந்தது?

ஏதாவது ஒரு மாறியின் கெழு 1 அல்லது −1 ஆக இருந்தால் பிரதியிடல். மற்ற இடங்களில் நீக்கல். என் கை போகும் வழக்கம் இது. தேர்வில் "இந்த முறையில் தீர்க்க" என்று கேட்டிருந்தால் மட்டும் அதன்படி செய்யுங்கள்.

ஆனால் முறையைத் தேர்ந்தெடுக்கும் முன் சமன்பாடுகளை ஐந்து நொடி உற்றுப் பாருங்கள். கீழே உள்ள எண்கள், 9ஆம் நூற்றாண்டில் சமஸ்கிருதத்தில் எழுதிய கணித அறிஞர் மகாவீரர் தந்த ஒரு கணக்கிலிருந்து வருபவை:

9ய + 7க = 107
7ய + 9க = 101

கெழுக்கள் இடம் மாறி நிற்பதைக் கவனித்தீர்களா? கூட்டினால் 16ய + 16க = 208, அதாவது ய + க = 13. கழித்தால் 2ய − 2க = 6, அதாவது ய − க = 3. இவை இரண்டையும் கூட்டினால் 2ய = 16. ய = 8, க = 5 என்று மனக்கணக்காகவே வந்துவிடும். 63 என்ற பொது மடங்கைத் தேடிப் போயிருந்தால் அரைப் பக்கம் ஆகியிருக்கும்.

வரைபட முறையில் துல்லியமான விடை வருவதில்லை. பிறகு ஏன் அதைப் படிக்க வேண்டும்?

துல்லியம் வராது என்பது உண்மைதான். ய + 2க = 5, 3ய − க = 4 இரண்டையும் வரைந்தால் கோடுகள் (1.9, 1.6) அருகே எங்கோ வெட்டுவதாகத் தெரியும். சரியான விடை ய = 13/7, க = 11/7. எவ்வளவு கூரான பென்சிலாலும் 13/7 ஐத் தாளிலிருந்து படித்து எடுக்க முடியாது.

வரைபடம் தருவது வேறொன்று. தீர்வு எத்தனை, ஏறக்குறைய எங்கே இருக்கிறது, மிகை எண்ணா குறை எண்ணா என்பதை அது கண்ணுக்குக் காட்டுகிறது. கணக்கில் பிழை செய்து ய = 13 என்று எழுதியவருக்கு, வரைபடம் இருந்தால் உடனே சந்தேகம் தட்டும். சமன்பாட்டையும் கோட்டையும் ஒன்றாகப் பார்க்கும் இந்தப் பார்வை பரவக் காரணமானது 1637இல் பிரெஞ்சு அறிஞர் தெகார்த்து வெளியிட்ட வடிவியல் நூல். அதற்கு முன் பல நூற்றாண்டுகளாக இந்தக் கணக்குகளைக் கோடே போடாமல்தான் தீர்த்துவந்தார்கள்.

இரண்டு மாறிகளும் மறைந்து 0 = 7 என்று வந்துவிட்டது. எங்கே தவறு செய்தேன்?

தவறு செய்திருக்க வேண்டும் என்பதில்லை. 2ய + 3க = 5, 4ய + 6க = 17 என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். முதலாவதை 2 ஆல் பெருக்கினால் 4ய + 6க = 10. ஒரே 4ய + 6க எப்படி 10 ஆகவும் 17 ஆகவும் ஒரே நேரத்தில் இருக்கும்? கழித்தால் 0 = 7. கோடுகள் இணை கோடுகள், எங்கும் சந்திக்கா. தீர்வு இல்லை என்பதே முழுமையான விடை. அதை எழுதத் தயங்க வேண்டாம்.

0 = 0 என்று வந்தால் கதை வேறு. இரண்டாவது சமன்பாடு 4ய + 6க = 10 ஆக இருந்திருந்தால், அது முதலாவதன் இரட்டிப்பு மட்டுமே. கோடுகள் ஒன்றின் மேல் ஒன்று பொருந்திவிட்டன. தீர்வுகள் முடிவில்லாதவை.

இங்கே ஒரு தவறான புரிதலைத் திருத்த வேண்டும். "முடிவில்லாத தீர்வுகள்" என்றால் "எந்த எண்ணைப் போட்டாலும் சரி" என்று பொருள் இல்லை. (1, 1) பொருந்தும், (4, −1) பொருந்தும், (−2, 3) பொருந்தும். (0, 0) பொருந்தாது. அந்தக் கோட்டின் மேல் இருக்கும் புள்ளிகள் மட்டுமே தீர்வுகள். எல்லாவற்றையும் ஒரே வரியில் சொல்ல வேண்டுமானால், ந என்ற எந்த எண்ணுக்கும் ய = 1 + 3ந, க = 1 − 2ந என்று எழுதலாம். வைத்துப் பாருங்கள், 2 + 6ந + 3 − 6ந = 5.

தீர்க்காமலேயே எத்தனை தீர்வு என்று சொல்ல முடியுமா?

முடியும். பொது வடிவில் இப்படி எழுதிக்கொள்வோம்:

அ₁·ய + ஆ₁·க = இ₁
அ₂·ய + ஆ₂·க = இ₂

அ₁·ஆ₂ − அ₂·ஆ₁ என்ற ஒரே எண்ணைக் கணக்கிடுங்கள். அது பூச்சியம் இல்லையென்றால் தீர்வு ஒன்றே ஒன்று. மாறிலிகள் இ₁, இ₂ என்னவாக இருந்தாலும் இது மாறாது. பூச்சியம் என்றால் இரண்டு கோடுகளின் சாய்வும் ஒரே அளவு. அவை விலகி நிற்கின்றனவா, பொருந்திவிட்டனவா என்பதை மாறிலிகள் சொல்லும்.

பாடநூல்கள் இதையே அ₁/அ₂, ஆ₁/ஆ₂, இ₁/இ₂ என்ற விகிதங்களாகத் தரும். கருத்து ஒன்றுதான். ஆனாலும் பெருக்கல் வடிவத்தையே நான் பரிந்துரைக்கிறேன். ஏதாவது ஒரு கெழு 0 ஆக இருந்தால் விகிதம் உடைந்துவிடும், பெருக்கல் உடையாது.

கிராமர் விதி, குறுக்குப் பெருக்கல் முறை என்பவை தனி முறைகளா?

இல்லை. பொது வடிவத்தில் ஒருமுறை நீக்கல் செய்து, வந்த விடையை வாய்பாடாக எழுதி வைத்ததுதான். முதல் சமன்பாட்டை ஆ₂ ஆலும், இரண்டாவதை ஆ₁ ஆலும் பெருக்கிக் கழித்துப் பாருங்கள், க மறைந்துவிடும். மிஞ்சுவது:

ய = (இ₁·ஆ₂ − இ₂·ஆ₁) / (அ₁·ஆ₂ − அ₂·ஆ₁)

அதேபோல் ய-வை நீக்கினால்:

க = (அ₁·இ₂ − அ₂·இ₁) / (அ₁·ஆ₂ − அ₂·ஆ₁)

முன்பு பார்த்த 6ய + 5க = 8, 4ய − 3க = 18 இல் பகுதி −18 − 20 = −38. ய-வின் தொகுதி −24 − 90 = −114, ஆக ய = 3. க-வின் தொகுதி 108 − 32 = 76, ஆக க = −2. அதே விடை. சுவிட்சர்லாந்துக் கணிதவியலாளர் கேப்ரியல் கிராமர் 1750இல் இந்த விதியை எத்தனை மாறிகளுக்கும் பொருந்தும்படி வெளியிட்டார், அதனால் அவர் பெயர் நிலைத்துவிட்டது.

குறுக்குப் பெருக்கல் முறையில் மட்டும் ஓர் எச்சரிக்கை. அங்கே மாறிலியையும் இடப்பக்கம் கொண்டுவந்து, வலப்பக்கத்தை 0 ஆக்கிய பிறகே தொடங்குவார்கள். 8 அங்கே −8 ஆகிவிடும். இரண்டு வாய்பாடுகளையும் கலந்துவிட்டால் எண்கள் சரியாகவும் குறிகள் தவறாகவும் வரும்.

பின்னங்களும் தசமங்களும் இருந்தால்?

முதல் வேலையாக அவற்றை விரட்டிவிடுங்கள். ய/2 + க/3 = 4 என்பதை 6 ஆல் பெருக்கினால் 3ய + 2க = 24. 0.5ய − 0.2க = 0.8 என்பதை 10 ஆல் பெருக்கினால் 5ய − 2க = 8. கூட்டினால் 8ய = 32. ய = 4, க = 6. வலப்பக்கத்து 4 ஐப் பெருக்க மறப்பதுதான் இங்கே வழக்கமான சறுக்கல்.

மாறி பகுதியில் இருந்தால் அது நேரிய சமன்பாடா?

2/ய + 3/க = 2, 4/ய − 9/க = −1. இவை நேரியவை அல்ல. ஆனால் 1/ய = ம, 1/க = த என்று வைத்தால் 2ம + 3த = 2, 4ம − 9த = −1 என்று நேரியவை ஆகிவிடும். முதலாவதை 3 ஆல் பெருக்கிக் கூட்டினால் 10ம = 5. ம = 1/2, த = 1/3. இங்கேயே நிறுத்திவிட்டு இவற்றை விடையாக எழுதிவிடாதீர்கள். கேட்டது ய, க. அவை 2, 3.

சமன்பாடு கொடுத்தால் தீர்த்துவிடுகிறேன். வாக்கியமாகக் கொடுத்தால் ஒன்றும் ஓடவில்லை. என்ன செய்வது?

பெரும்பாலானவர்களின் உண்மையான சிக்கல் இதுதான், இதில் வெட்கப்பட எதுவும் இல்லை. சமன்பாட்டைத் தீர்ப்பது ஒரு திறமை, வாக்கியத்திலிருந்து சமன்பாட்டை உருவாக்குவது வேறொரு திறமை. இரண்டாவதற்குத் தனிப் பயிற்சி வேண்டும்.

முதலில், ய என்பது எதைக் குறிக்கிறது என்று முழு வாக்கியமாக எழுதுங்கள். "ய = படகு" என்று எழுதினால் போதாது. "ய = அசையாத நீரில் படகின் வேகம், மணிக்கு இத்தனை கிலோமீட்டர்" என்று எழுத வேண்டும். ய என்பது ஓர் எண், படகு அல்ல. இந்த ஒரு பழக்கம் பாதிக் குழப்பத்தைத் தீர்த்துவிடுவதை மீண்டும் மீண்டும் பார்த்திருக்கிறேன். அடுத்து, வாக்கியத்தில் "சமம்" எங்கே ஒளிந்திருக்கிறது என்று தேடுங்கள். "மொத்தம்", "விட அதிகம்", "மடங்கு", "அதே நேரத்தில்" போன்ற சொற்களுக்குப் பின்னால்தான் சமக்குறி இருக்கும்.

ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 11. இலக்கங்களை இடம் மாற்றினால் எண் 27 அதிகமாகிறது. அந்த எண் எது? பத்தாம் இட இலக்கம் ய, ஒன்றாம் இட இலக்கம் க என்போம். எண்ணை "யக" என்று ஒட்டி எழுத முடியாது, அது பெருக்கலாகிவிடும். எண்ணின் மதிப்பு 10ய + க. இடம் மாற்றினால் 10க + ய. இவற்றின் வித்தியாசம் 9க − 9ய = 27, அதாவது க − ய = 3. கூடவே ய + க = 11. க = 7, ய = 4, எண் 47. சரிபார்ப்போம்: 74 − 47 = 27.

ஒரு படகு நீரோட்டத்தின் திசையில் 30 கிலோமீட்டரை 2 மணி நேரத்திலும், எதிர்த்து அதே தொலைவை 3 மணி நேரத்திலும் கடக்கிறது என்றால், வேகங்கள் 15, 10. படகின் வேகம் ய, நீரோட்டத்தின் வேகம் க எனில் ய + க = 15, ய − க = 10. ஆக ய = 12.5, க = 2.5. முந்தைய கணக்கும் இதுவும் கூடுதல், வித்தியாசம் என்ற ஒரே எலும்புக்கூட்டின் மேல் நிற்பதைப் பாருங்கள்.

கலவைக் கணக்குகளில் இரண்டு சமன்பாடுகளும் வெவ்வேறு பொருளைப் பற்றிப் பேசும். 20 சதவீதக் கரைசலையும் 50 சதவீதக் கரைசலையும் கலந்து 30 சதவீதக் கரைசல் 30 லிட்டர் வேண்டும் என்றால், ஒரு சமன்பாடு கரைசலின் மொத்த அளவைச் சொல்கிறது: ய + க = 30. மற்றது அதில் கரைந்திருக்கும் பொருளின் அளவைச் சொல்கிறது: 0.2ய + 0.5க = 9. தீர்த்தால் 20 லிட்டரும் 10 லிட்டரும். சதவீதங்களையே கூட்டி 20 + 50 என்று தொடங்குபவர்கள், அந்தச் சதவீதம் எதன் சதவீதம் என்று கேட்டுக்கொள்ளவில்லை.

வயதுக் கணக்கில் "5 ஆண்டுகளுக்கு முன்" என்றால் இருவர் வயதிலும் 5 குறைய வேண்டும். இவ்வளவுதான் அங்கே பொறி.

இயற்கணிதக் குறியீடுகள் வருவதற்கு முன் இவற்றை எப்படித் தீர்த்தார்கள்?

வியக்கத்தக்க தெளிவோடு தீர்த்தார்கள். பழைய பாபிலோனியக் களிமண் பலகை ஒன்றில் வரும் கணக்கை இன்றைய எண்களில் சொன்னால் இப்படி இருக்கும். இரண்டு வயல்கள், மொத்தப் பரப்பு 1800 அலகு. முதல் வயலில் அலகுக்கு 2/3 பங்கு தானியம், இரண்டாவதில் அலகுக்கு 1/2 பங்கு. முதல் வயலின் விளைச்சல் இரண்டாவதைவிட 500 அதிகம். ஒவ்வொன்றும் எவ்வளவு?

விடை கண்ட வழி: இரண்டு வயல்களும் சமம், ஆளுக்கு 900 என்று வைத்துக்கொள். விளைச்சல் 600, 450, வித்தியாசம் 150. வேண்டியது 500, இன்னும் 350 குறைகிறது. இரண்டாம் வயலிலிருந்து ஓர் அலகை எடுத்து முதல் வயலில் சேர்த்தால் வித்தியாசம் 2/3 + 1/2 = 7/6 கூடும். 350 ஐ 7/6 ஆல் வகுத்தால் 300. எனவே 1200, 600. ஏறத்தாழ 4000 ஆண்டுகளுக்கு முன், ஒரு மாறிகூட எழுதாமல்! மொத்தம் 1800 என்ற நிபந்தனையை ஒரு நொடிகூடக் கைவிடாமல், இன்னொரு நிபந்தனை நிறைவேறும் வரை நகர்ந்திருக்கிறார்கள். வரைபட மொழியில், ஒரு கோட்டின் மேலேயே நடந்து மற்றக் கோட்டைத் தொட்டிருக்கிறார்கள்.

"ஒன்பது அத்தியாயங்கள்" என்ற பழைய சீனக் கணித நூலில் எட்டாவது அத்தியாயம் முழுவதும் இத்தகைய சமன்பாட்டுத் தொகுதிகளுக்கானது. கெழுக்களைக் கணக்குக் குச்சிகளால் கட்டங்களில் அடுக்கி, ஒரு வரிசையைப் பெருக்கி இன்னொன்றிலிருந்து கழிப்பார்கள். இன்று காஸ் என்ற ஜெர்மானியக் கணிதவியலாளரின் பெயரால் அழைக்கப்படும் நீக்கல் முறையின் சாரம் அங்கேயே இருக்கிறது. அந்த நூலுக்கு லியு ஹுய் 263ஆம் ஆண்டில் உரை எழுதினார். அதாவது காஸ் பிறப்பதற்கு 1500 ஆண்டுகளுக்கு முன்.

சீனக் கணிதவியலாளர் சுன்சியின் நூலில் வரும் கணக்கும் புகழ் பெற்றது. ஒரு கூண்டில் காட்டுக்கோழிகளும் முயல்களும். தலைகள் 35, கால்கள் 94. எல்லாமே இரண்டு கால் பிராணி என்று எண்ணினால் 70 கால். மிகுதி 24. முயல் ஒவ்வொன்றுக்கும் 2 கால் கூடுதல், ஆக முயல் 12, கோழி 23. சிறு பிள்ளைக்கும் புரியும் இந்த வாதம், 2ய + 4க = 94 இலிருந்து 2ய + 2க = 70 ஐக் கழிப்பதுதான்.

விடை சரிதானா என்று எப்படி உறுதி செய்வது?

மூல சமன்பாடுகள் இரண்டிலும் வைத்துப் பாருங்கள். ஒன்றில் மட்டும் பார்ப்பது போதாது. ய-வைத் தவறாகக் கண்டுபிடித்து, அந்தத் தவறான ய-வை ஒரு சமன்பாட்டில் வைத்துத்தானே க-வைக் கண்டீர்கள்? அந்தச் சமன்பாடு கட்டாயம் "சரி" என்றே சொல்லும். மற்றதுதான் உண்மையைச் சொல்லும். வாக்கியக் கணக்கு என்றால் வாக்கியத்தோடு ஒப்பிடுங்கள். சமன்பாட்டையே தவறாக அமைத்திருந்தால், அதில் வைத்துப் பார்த்து என்ன பயன்?

விடை பின்னமாகவோ குறை எண்ணாகவோ வந்தால் தவறு என்று பொருளா?

இல்லை. பாடநூல்கள் முழு எண்களையே அதிகம் தருவதால் வந்த பழக்கம் இது. ஆனால் விடை ஆட்களின் எண்ணிக்கையாக இருந்து 4.5 என்று வந்தால், அமைத்த சமன்பாட்டை மீண்டும் பாருங்கள்.

கணினியிடம் கொடுத்தால் எப்போதும் சரியான விடை வருமா?

தரவு அளவீட்டிலிருந்து வந்தது என்றால் கவனம் தேவை. ய + க = 2, ய + 1.001க = 2.001 என்ற தொகுதியின் தீர்வு (1, 1). கடைசி எண் 2.002 ஆக மாறட்டும், ஆயிரத்தில் ஒன்றுதான் வேறுபாடு. தீர்வு (0, 2) ஆகிவிடுகிறது! கணினி இரண்டு முறையும் சரியாகத்தான் கணக்கிட்டது. கோடுகள் ஏறக்குறைய இணையாக இருப்பதால், ஒன்றை மயிரிழை நகர்த்தினாலும் வெட்டுப்புள்ளி நெடுந்தூரம் ஓடிவிடுகிறது. முன்பு சொன்ன அ₁·ஆ₂ − அ₂·ஆ₁ இங்கே 0.001. கெழுக்களோடு ஒப்பிட அது இவ்வளவு சிறியதாக இருந்தால், வந்த விடையின் தசம இலக்கங்களை அப்படியே நம்பிவிடக் கூடாது.

மூன்று மாறிகள் வந்தால் எல்லாவற்றையும் புதிதாகக் கற்க வேண்டுமா?

வேண்டாம். முதல் சமன்பாட்டையும் இரண்டாவதையும் கொண்டு ஒரு மாறியை நீக்குங்கள். முதலாவதையும் மூன்றாவதையும் கொண்டு அதே மாறியை நீக்குங்கள். இரண்டு முறையும் ஒரே மாறியை நீக்க வேண்டும் என்பது முக்கியம். இல்லையென்றால் கையில் இருக்கும் இரண்டு சமன்பாடுகளில் மீண்டும் மூன்று மாறிகள் நிற்கும். சரியாகச் செய்தால் மிஞ்சுவது இரண்டு மாறிகள், இரண்டு சமன்பாடுகள். அங்கிருந்து வழி உங்களுக்குத் தெரியும்.